அண்ணனுக்கு நான் கொடுத்த கதைகள்

ஜனவரி 11, சனி

குழாய்க்காரர் இன்றும் வரவில்லை. சமையலறைக் குழாய் சொட்டிக்கொண்டே இருக்கிறது. கீழே ஒரு துணியை மடித்துப் போட்டேன், சத்தமாவது அடங்கட்டும்.

பதினோரு மணிக்குக் கதவைத் தட்டினார்கள். குழாய்க்காரர்தான் என்று ஓடினேன். ஒரு பெண் நின்றிருந்தார். முப்பத்தைந்து வயது இருக்கும். மூன்று மாடி ஏறி மூச்சு வாங்கியது. தோளில் கனமான பை. கல்லூரியில் இலக்கியம் சொல்லிக்கொடுக்கும் பேராசிரியையாம். அண்ணனின் வாழ்க்கை வரலாற்றை எழுதுகிறாராம். வரும் மார்ச்சில் அண்ணன் போய் ஒரு வருஷம் ஆகிறது.

“மேடம், அவர்கூடப் பிறந்தவங்க நீங்க ஒருத்தர்தான். நீங்க பேசலேன்னா எனக்கு அவரோட முதல் இருபது வருஷமே கிடையாது” என்றார்.

உட்காரச் சொன்னேன். சின்ன ரெக்கார்டர் ஒன்றை மேசையில் வைத்தார். தெரிந்ததைச் சொன்னேன். அதிகம் பேசமாட்டான். தட்டில் என்ன இருக்கிறது என்று பார்க்காமலே சாப்பிடுவான். என்னைக் ‘கொசு’ என்றுதான் கூப்பிடுவான். எப்போதும் அவன் காதருகே நொய்நொய் என்று பேசிக்கொண்டிருப்பேனாம். “நாடே கொண்டாடின கவிஞர் தங்கச்சிக்குக் குடுத்த உவமை அது ஒண்ணுதான்” என்றேன். பேராசிரியை வாய்விட்டுச் சிரித்தார்.

என் பேச்சைக் கேட்டு யாராவது சிரித்து எவ்வளவு நாளாயிற்று?

இரண்டு மணி நேரம் பேசியிருக்கிறேன். ஓய்வு பெற்ற இந்தப் பதினோரு மாதத்தில் ஒரே நாளில் இவ்வளவு பேசியதில்லை. தொண்டை கரகரவென்றிருக்கிறது. அடுத்த சனிக்கிழமையும் வருவாராம்.

ஜனவரி 14, செவ்வாய்

குழாய் சரியாகிவிட்டது. இப்போது வீட்டில் ஒரு சத்தமும் இல்லை.

ஜனவரி 18, சனி

அம்மாவைப் பற்றி அண்ணன் எழுதிய அந்தக் கவிதையைப் பற்றித்தான் கேட்டார். யார்தான் கேட்காமல் இருந்தார்கள்? பாடப்புத்தகத்தில் இருக்கிறது. இரங்கல் கூட்டங்களில் வாசிக்கிறார்கள். முன்பின் தெரியாதவர்கள்கூடத் தங்கள் அம்மாவின் படத்துக்குக் கீழே அச்சடித்துக்கொள்கிறார்கள்.

ஒவ்வோர் அறையாக விளக்கணைத்துக்கொண்டே
வாசலுக்கு வந்துவிட்டாள் அம்மா.

“உங்க அம்மா போறப்ப அவர் பக்கத்துல இருந்தாரா?”

“இல்ல. ஏதோ கவிதை மாநாடுன்னு வெளிநாட்டுக்குப் போயிருந்தான். ஒரு மாசம் கழிச்சுத்தான் வந்தான்.”

“நீங்க?”

“நான் இருந்தேன்.”

“கண்ணால பாக்காமலே இப்படி எழுதியிருக்காரே! அதுக்குப் பேர்தான் மேடம் கவிஞன்” என்றார்.

டீ போட எழுந்து போனேன்.

இங்கே எழுதலாம். இதை யார் படிக்கப்போகிறார்கள்? அம்மா போன மறுநாள், அண்ணன் தங்கியிருந்த இடத்துக்கு நான்கு பக்கக் கடிதம் எழுதினேன். பாதத்தில் தொடங்கிய குளிர் மெல்ல மெல்ல மேலே ஏறி வந்ததை அவனுக்குச் சொல்ல வேண்டியிருந்தது. ‘அண்ணா, வெளியே கிளம்பும்போது அம்மா ஒவ்வொரு ரூமாகப் போய் விளக்கை அணைத்துவிட்டு வாசலுக்கு வருவாளே, அதே மாதிரி இருந்தது’ என்று எழுதினேன். ஆறு மாதம் கழித்து ஒரு பத்திரிகையில் கவிதை வந்தது. படித்தேன். மூடி வைத்தேன். அவன் ஒன்றும் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. இருபத்திரண்டு வருஷம் ஓடிவிட்டது.

நான் எழுதியது கடிதம். அவன் எழுதியது கவிதை. அப்படித்தானே?

அப்படித்தான்.

ஜனவரி 25, சனி

சொல்ல இனி ஒன்றுமில்லை. அவன் படித்த பள்ளி, காய்ச்சலில் கிடந்தது, அப்பாவோடு பேசாமலிருந்தது எல்லாம் தீர்ந்துபோயிற்று. பேராசிரியை ரெக்கார்டரை அணைத்துப் பைக்குள் வைத்தார். “ரொம்ப நன்றி மேடம். இனிமே உங்களைத் தொந்தரவு பண்ணமாட்டேன்.”

தொந்தரவாம்!

செருப்பை மாட்டிக்கொண்டிருந்தார். “ஒண்ணு சொல்ல மறந்துட்டேனே” என்றேன். சத்தியமாக, வாயைத் திறந்தபோது என்ன சொல்லப்போகிறேன் என்று எனக்கே தெரியாது.

பத்து வயதில் அண்ணன் வீட்டுப் பின்சுவரில் கரித்துண்டால் ஒரு வரி எழுதினான். அப்பா வெள்ளையடித்து மறைத்தார். மறுபடி எழுதினான். மறுபடி வெள்ளை. மூன்றாவது தடவையும் எழுதினான். அப்பா வாளியைக் கீழே வைத்துவிட்டுப் போய்விட்டார். இதுதான் கதை.

பேராசிரியை செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்து உட்கார்ந்தார். கண் இரண்டும் பளபளவென்றிருந்தன. “மூணு தடவையும் அதே வரியா?”

“அதே வரி.”

“என்ன வரி மேடம்?”

“அது ஞாபகமில்ல” என்றேன். அந்த அளவுக்குத் துணிச்சல் வரவில்லை.

அண்ணன் வாழ்நாளில் சுவரைத் தொட்டவனில்லை. ஏணியிலிருந்து விழுந்து, தோள்பட்டை எலும்பு முறிந்து, ஆஸ்பத்திரியில் என்னிடம் வந்த ஒரு பெயிண்டரின் கதை அது. அவர் எழுதியதும் கவிதையில்லை, எதிர்வீட்டுப் பெண்ணின் பெயர்.

பிப்ரவரி 1, சனி

முப்பத்தொரு வருஷம் ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே எடுத்தேன். ஒருவர் என் அறையில் ஐந்து நிமிஷம் இருப்பார். சட்டையைக் கழற்றி, நெஞ்சைத் தகட்டில் ஒட்டி, முகவாயைத் தூக்கி நிற்கும்போது மனிதர்களுக்கு ஏதாவது சொல்லத் தோன்றும் போலிருக்கிறது. “மூச்சை இழுத்துப் பிடிங்க… அசையாதீங்க… விடுங்க.” மூச்சோடு பேச்சும் வெளியே வந்துவிடும். எத்தனையோ கதைகள். அம்மா இருந்தவரை வீட்டுக்கு வந்து அவளிடம் சொல்வேன். அவளுக்குப் பிறகு எல்லாம் உள்ளேயே கிடந்தன.

இன்று இன்னொன்றை எடுத்து அண்ணனுக்குக் கொடுத்தேன். பன்னிரண்டு வயதில் வீட்டைவிட்டு ஓடி, ரயில் நிலையத்தில் நாள் முழுக்க உட்கார்ந்து, பலகையிலிருந்த ஊர்ப்பெயர்களைச் சத்தமாக வாசித்துவிட்டுப் பொழுது சாய்ந்ததும் திரும்பி வந்தது. முட்டி தேய்ந்து வந்த டிக்கெட் பரிசோதகர் சொன்னது.

“ஊர்ப்பேர்தான் அவரோட முதல் கவிதை!” என்று பேராசிரியை எழுதிக்கொண்டார்.

ரசித்துக் கேட்கிறார். நான் என்ன செய்ய?

பிப்ரவரி 8, சனி

பேராசிரியை இன்று சாப்பிட்டுவிட்டுப் போனாள். இரண்டு தட்டு கழுவினேன். படியிறங்கும்போது “வரேம்மா” என்றாள். அந்த ‘மேடம்’ எங்கே போயிற்றோ!

பிப்ரவரி 15, சனி

இன்றைக்குக் கொடுத்தது: பதினான்கு வயது வரை அண்ணனுக்குத் திக்குவாய். காலித் தண்ணீர்ப் பீப்பாய்க்குள் தலையை விட்டுப் பேசிப் பேசிச் சரிசெய்துகொண்டான். (நெஞ்சுச் சளியோடு வந்த ஒரு வக்கீல். பீப்பாய்க்குள் தன் குரல் நீதிபதியின் குரல் மாதிரி கேட்டதாம்; அன்றே வக்கீலாவது என்று முடிவுசெய்தாராம்.)

பிப்ரவரி 20, வியாழன்

கண்ணாடி முன் நின்று சனிக்கிழமைக்கான கதையைச் சொல்லிப் பார்த்தேன். முகம் ஒரு பொய்யும் காட்டவில்லை. வெட்கமாக இருந்தது. இருந்தும் இரண்டாம் தடவை சொல்லிப் பார்த்தேன்.

மார்ச் 8, சனி

வாசலிலேயே பத்திரிகையை நீட்டினாள். “உங்களுக்குச் சொல்லாம வச்சிருந்தேம்மா. அவரோட முதலாண்டு நினைவுக்காகப் பெரிய பத்திரிகையில கேட்டாங்க.”

ஆறு பக்கம். சுவர், ரயில் நிலையம், பீப்பாய் மூன்றும் இருந்தன. கண்ணாடி முன் சொல்லிப் பார்த்ததை நான் அவளிடம் சொல்லவேயில்லை. கடைசியில், ‘இதுவரை அறியப்படாத இச்செய்திகளைப் பகிர்ந்துகொண்ட கவிஞரின் தங்கைக்கு நன்றி.’

அந்தக் கடைசி வரியையே திரும்பத் திரும்பப் படித்தேன். சந்தோஷம் என்று நினைத்துக்கொண்டாள். புத்தகம் வர வருஷக்கணக்காகும், அதற்குள் எப்படியாவது சொல்லிவிடலாம் என்றிருந்தேன். அப்படி நினைத்ததாவது உண்மையா?

மார்ச் 16, ஞாயிறு

அண்ணனுக்கு நினைவுக் கூட்டம். அரங்கம் நிறைந்திருந்தது. மூன்றாவது வரிசையில் உட்கார்ந்தேன்.

ஒரு கவிஞர் அரைமணி நேரம் பீப்பாயைப் பற்றியே பேசினார். அண்ணனின் கவிதைகளில் கேட்கும் எதிரொலி அந்தப் பீப்பாயிலிருந்து வந்ததாம். அது தண்ணீர்ப் பீப்பாய் அல்ல, சமூகத்தின் பீப்பாய் என்றார். சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. கைக்குட்டையால் வாயை மூடிக்கொண்டேன். பக்கத்திலிருந்த அம்மாள் அழுகிறேன் என்று நினைத்து முதுகைத் தடவினார்.

அப்போதுதான் மேடையில் அண்ணியைப் பார்த்தேன். அண்ணி பேசுபவரைப் பார்க்கவில்லை. மடியில் கிடந்த தன் கைகளையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

மார்ச் 18, செவ்வாய்

அண்ணி போன் பண்ணினாள். எடுத்ததும் நலம் விசாரிக்கவில்லை.

“கொசு, உங்கண்ணனுக்குத் திக்குவாய் இருந்துச்சா?”

போனை இன்னொரு காதுக்கு மாற்றினேன்.

“முப்பத்தஞ்சு வருஷம் கூட இருந்திருக்கேன். அவர் பேச்சுல மயங்கித்தான் கட்டிக்கிட்டேன். இதை ஏன் எங்கிட்ட சொல்லல? சுவத்துல எழுதினதைச் சொல்லல. ஓடிப்போனதைச் சொல்லல. ஊர்க்காரங்க சொல்லி நான் தெரிஞ்சுக்க வேண்டியிருக்கு. நான் யாரு அவருக்கு, சொல்லு? சமையக்காரியா?”

“நேர்ல வரேன் அண்ணி” என்று வைத்துவிட்டேன்.

என்ன காரியம் பண்ணிட்டேன் நான். எனக்குப் பேச ஆள் வேணும்னு, அண்ணிகிட்ட இருந்த ஒரே மனுஷனைப் பிடுங்கிட்டேனே. போனவனை மறுபடி ஒரு தடவை பறிச்சுட்டேனே.

மார்ச் 22, சனி

பேராசிரியையை வரவேண்டாம் என்று சொல்லிவிட்டு விடியற்காலையிலேயே பஸ் ஏறினேன். மூன்று மணி நேரப் பயணம். அண்ணன் இருந்தவரை அந்த வீட்டுக்கு மொத்தம் ஐந்து தடவை போயிருப்பேன்.

செருப்பைக்கூடக் கழற்றவில்லை. “எல்லாம் பொய் அண்ணி. நான் இட்டுக்கட்டினது” என்றேன்.

அண்ணி கதவைப் பிடித்துக்கொண்டு நின்றாள். “மூணுமா?”

“மூணும். அவனுக்குத் திக்கல்லாம் கெடயாது. சுவரும் கெடயாது. எங்கேயும் ஓடிப்போகல. உங்ககிட்ட எதையும் மறைக்கல.”

அடித்திருந்தால்கூட வாங்கிக்கொண்டிருப்பேன். அண்ணி நாற்காலியில் உட்கார்ந்து அழுதாள். பிறகு, அழுதுகொண்டிருக்கும்போதே சிரிக்க ஆரம்பித்துவிட்டாள். “சமூகத்தோட பீப்பாய்!” என்றாள். என்னாலும் அடக்க முடியவில்லை. இரண்டு பேரும் வயிறு வலிக்கச் சிரித்தோம்.

சாப்பிட்ட பிறகு அண்ணி அலமாரியைத் திறந்து ஒரு கவரை எடுத்து வந்தாள். என் கையெழுத்து. நான்கு பக்கம். விளக்கு வரியின் கீழே சிவப்பு மையில் அடிக்கோடு.

“இதை மேசையில விரிச்சு வச்சுக்கிட்டுத்தான் எழுதினார். நான் அப்பவே கேட்டேன், கொசுகிட்ட ஒரு வார்த்தை கேட்டீங்களான்னு. என்ன சொன்னார் தெரியுமா? ‘கேட்டா குடுத்துடுவா. குடுத்துட்டா அது அவளோடதுன்னு ஆயிடுமே’ன்னார்.”

இருபத்திரண்டு வருஷம் நான் என்னென்னவோ நினைத்திருந்தேன். தெரியாமல் அவன் மனதில் தங்கியிருக்கும், கடிதத்தை மறந்திருப்பான் என்றெல்லாம். இல்லை. தெரிந்துதான் எடுத்திருக்கிறான். தெரிந்துதான் கேட்காமலிருந்திருக்கிறான்.

“லெட்டர் எங்கிட்டதான் இருக்கும். வெளிய சொல்லணும்னா சொல்லு, நான் சாட்சிக்கு வரேன்” என்றாள் அண்ணி.

இருந்துவிட்டுப் போகச் சொன்னாள். மாற்றுத்துணி இல்லை என்று கிளம்பிவிட்டேன். வழியெல்லாம் ஏன் கிளம்பினேன் என்று நினைத்துக்கொண்டே வந்தேன்.

மார்ச் 24, திங்கள்

பேராசிரியையின் கல்லூரிக்குப் போனேன். ஆசிரியர்கள் அறையில் விடைத்தாள் திருத்திக்கொண்டிருந்தாள். என்னைப் பார்த்ததும் எழுந்து நாற்காலியை இழுத்துப் போட்டாள். உட்கார்ந்து சொல்லும் விஷயமில்லை. நின்றுகொண்டே சொன்னேன்.

பேனாவை மூடினாள். “என் பேர்ல வந்திருக்கும்மா. என் பேர்ல.” சத்தம் போடவில்லை. போட்டிருக்கலாம். “அவர் மேல ஏதாவது கோபமா உங்களுக்கு?”

“இல்ல.” அப்புறம் சொன்னேன்: “சொல்றதுக்கு ஒண்ணும் இல்லேன்னா நீ வரமாட்டேன்னு…”

விடைத்தாள்களை அடுக்கி வைத்தாள். “சும்மா வாடீன்னு கூப்பிட்டிருந்தா வந்திருப்பேனே” என்றாள்.

வந்திருப்பாளா? தெரியாது. அப்படி யாரையும் நான் கூப்பிட்டதில்லை.

மறுப்பை நானே எழுதித் தர வேண்டுமாம். என் கையால். அவள் பத்திரிகைக்கு அனுப்புவாள். “இனிமே புஸ்தகத்துல உங்களை வச்சு ஒரு வரி எழுதமாட்டேன்” என்றாள். தலையாட்டினேன். வாசல்வரைகூட வரவில்லை.

மார்ச் 29, சனி

யாரும் வரவில்லை.

ஏப்ரல் 5, சனி

காலையில் வீடு பெருக்கினேன். பிறகு எதற்குப் பெருக்கினேன் என்று தோன்றியது.

ஏப்ரல் 10, வியாழன்

மறுப்பு எழுதி முடித்தேன். ஏழு தாள் கிழித்த பிறகு வந்தது இவ்வளவுதான்:

‘என் அண்ணனைப் பற்றி நான் சொன்ன மூன்று சம்பவங்களும் அவர் வாழ்வில் நடந்தவை அல்ல. நான் வேலை பார்த்த எக்ஸ்ரே அறைக்கு வந்த மூன்று பேருக்கு நடந்தவை. ஒருவர் பெயிண்டர், ஒருவர் டிக்கெட் பரிசோதகர், ஒருவர் வக்கீல். அவர்களிடம் மன்னிப்புக் கேட்கிறேன். என் அண்ணியிடமும் பேராசிரியையிடமும் கேட்கிறேன். சனிக்கிழமைகளில் என் வீட்டுக்கு ஒருவர் வந்துகொண்டிருந்தார். அவர் வருவது நின்றுவிடக்கூடாது என்பதற்காகச் சொன்னேன்.’

கடிதத்தைப் பற்றியும் சேர்ப்பதா? எட்டாவது தாளில் எழுதிப் பார்த்தேன். பொய் சொன்னேன் என்று ஒப்புக்கொள்ளும் அதே தாளில், ‘அந்த வரி என்னுடையது’ என்றால் யார் நம்புவார்கள்? நாலாவது பொய் என்பார்கள். அதையும் கிழித்தேன்.

மே 3, சனி

வந்துவிட்டது. பக்கத்தின் மூலையில், ஒரு தையல்மெஷின் விளம்பரத்துக்கு மேலே. என் எழுத்து முதன்முதலாக அச்சில்.

மே 6, செவ்வாய்

பீப்பாய்க் கவிஞர் போனில் கத்தினார். “போனவர் பேரைக் கெடுக்கணும்னே கிளம்பியிருக்கீங்களா?” அவருடைய உரை அச்சுக்குப் போய்விட்டதாம். கேட்டுக்கொண்டேன். கீழ்வீட்டம்மா படிக்கட்டில் என்னைப் பார்த்ததும் கதவைச் சாத்தினாள். தற்செயலாகவும் இருக்கலாம்.

அண்ணியும் போன் பண்ணினாள். “நல்லா எழுதியிருக்க. கடைசி வரியை மட்டும் ரெண்டு தடவை படிச்சேன்” என்றாள். அவளும் தனியாகத்தான் இருக்கிறாள். இதை நான் ஒரு வருஷமாக நினைத்துப் பார்க்கவே இல்லை.

மே 19, திங்கள்

அண்ணி தினமும் காலை ஒன்பது மணிக்குக் கூப்பிடுகிறாள். பெரிதாக ஒன்றுமில்லை. பால் திரிந்ததா, மழை பெய்ததா. இன்று பெயிண்டர் கதையை முழுதாகச் சொன்னேன், பெயிண்டருடையதாகவே. “அந்த எதிர்வீட்டுப் பொண்ணைக் கட்டிக்கிட்டாரா?” என்று கேட்டாள். கேட்காமல் விட்டுவிட்டேனே என்று இருவருக்கும் வருத்தம்.

ஜூன் 10, செவ்வாய்

பேராசிரியை வந்தாள்.

கதவைத் திறந்ததும் என்ன செய்வதென்று தெரியவில்லை. அவளுக்கும் தெரியவில்லை. ஒரு காகித உறையை நீட்டினாள். அண்ணியின் வீட்டில் அண்ணனின் தாள்களைப் பார்க்கப் போயிருக்கிறாள். அண்ணி என் கடிதத்தைக் காட்டி, நகல் எடுக்கவும் விட்டிருக்கிறாள். உறைக்குள் அந்த நகல்.

“இதை ஏம்மா எங்கிட்ட சொல்லல? பொய்யெல்லாம் சொன்னீங்க. உண்மையா ஒண்ணு இருந்துச்சே.”

“அது உன் புஸ்தகத்தைக் கெடுத்துடும்னு நெனச்சேன்.”

“உங்களை வச்சு ஒரு வரி எழுதமாட்டேன்னு சொன்னேன். அது கோபத்துல சொன்னது.” செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்தாள். “புஸ்தகத்துல கவிதையை ஒரு பக்கத்துலயும் உங்க லெட்டரை எதிர்ப்பக்கத்துலயும் போடலாம்னு இருக்கேன். நான் ஒரு விளக்கமும் சொல்லமாட்டேன். படிக்கிறவங்க பாத்துக்கட்டும். ஆனா நீங்க சரின்னாத்தான். கேக்காம போடமாட்டேன்.”

கேட்டால் கொடுத்துவிடுவேன் என்றானாமே அண்ணன். உடனே கொடுக்கத் தோன்றவில்லை.

“யோசிச்சுச் சொல்றேன்” என்றேன். டீ குடித்துவிட்டுப் போனாள்.

ஜூன் 14, சனி

நான்கு நாளாகக் கடிதத்தைத் திரும்பத் திரும்பப் படிக்கிறேன். எழுதியபோது எனக்கு முப்பத்தேழு வயது. எவ்வளவு கோபம், எவ்வளவு பாசம்! மருந்து பெயர்கூடத் தவறில்லாமல் எழுதியிருக்கிறேன். அண்ணன் அடிக்கோடு போட்டது ஒரே ஓர் இடத்தில்தான். நான்காம் பக்கத்தின் கடைசியை அவன் தொடவே இல்லை:

‘அம்மா மூன்று தடவை உன்னைக் கேட்டாள். வந்துகொண்டே இருக்கிறான் என்று சொன்னேன். மூன்றாவது தடவை நம்பிவிட்டாள்.’

அவனுக்காக நான் சொன்ன முதல் பொய் இதுதான். இதை எப்படி மறந்தேன்?

பேராசிரியைக்குப் போன் போட்டேன். “போடு. ஆனா முழுசாப் போடணும். கடைசி மூணு வரியையும் சேர்த்து.”

“அது அவருக்குக் கொஞ்சம்…” என்று இழுத்தாள்.

“தெரியும். அவன் எடுத்துக்காத வரி அது. அதுவும் என்னோடதுதானே.”

சரி என்றாள். பிறகு நானே சொன்னேன்: “நாளைக்கு வேலை இல்லேன்னா சும்மா வா.”

நாளைக்கு வரமுடியாதாம். அடுத்த வாரம் பார்க்கிறேன் என்றாள். கூப்பிட்டதில் எனக்கு ஒன்றும் குறைந்துபோகவில்லை.

ஜூலை 1, செவ்வாய்

அண்ணி வியாழக்கிழமை வருகிறாள். பத்து நாள் இருப்பாளாம். பிடித்துப்போனால் அதற்கு மேலும் இருப்பேன், விரட்டாதே என்றாள்.

கடைத்தெருவுக்குப் போய்த் தலையணை வாங்கினேன். கடைக்காரர், “ஜோடியா எடுத்துக்கங்கம்மா, அப்படித்தான் எல்லாரும் வாங்குவாங்க” என்றார்.

ஒன்று போதும் என்றேன். வீட்டில் ஒன்று இருக்கிறது.